சம்பந்திக்கு ஆக்கிய இறால்

மணமேல்குடிக்காரர்களான நாங்கள் மார்க்கச் சட்டத்தில் ஷாபி வழி. மூத்தவளைக் கட்டிக்கொடுத்த இடம் ஹனபி. அவர்கள் வழியில் கடல் உயிர்களில் மீன் மட்டும்தான் உண்ணலாம். இறாலையும் மீன் என்று சொல்லும் மார்க்க அறிஞர்களான ஆலிம்கள் உண்டு, இல்லை என்பவர்களும் உண்டு. மாமியார் சாப்பிடுவார் என்று மகள் போனில் சொன்னதால், அவருடைய முதல் விருந்துக்கு விடியற்காலையிலிருந்து முதுகு ஒடிய இறால் உரித்தேன்.

சோற்றில் கை வைத்தவர், "இதுவும் மீன் வகைதானுங்களே?" என்றார்.

நான் வாய் திறப்பதற்குள், பிளஸ் டூ படிக்கும் சின்னவள் முந்திக்கொண்டாள். "இல்ல மாமி. மீனுக்கு முதுகெலும்பு இருக்கும். இது கணுக்காலி. நண்டு, கரப்பான்பூச்சியெல்லாம் இதே தொகுதிதான்."

சம்பந்தி மெல்லக் கையை எடுத்துக்கொண்டார்.

"பரீச்சையில எழுத வேண்டியத இங்க வந்து ஒப்பிக்கிறியாடி?" என்றேன்.

"புள்ளைய வையாதீங்க சம்பந்தி, படிச்சதத்தான சொல்லுது. முட்டை இருந்தாப் பொரிங்க, போதும்."

முகத்தில் கோபம் இல்லை. ஆனாலும் ஊருக்குப் போன பிறகு மனசு எப்படி மாறுமோ? இந்தக் குறை என் மூத்தவள் தலையில் விழக்கூடாது, யா அல்லாஹ் என்று கேட்டபடியே முட்டையை உடைத்தேன். சம்பந்தி போனதும் மதியத் தொழுகையான லுஹர் தொழ நின்றேன். இறால் உரித்த முதுகு குனிய விடவில்லை. நாற்காலியில் உட்கார்ந்துதான் தொழுதேன்.