நாலாவது அடியில் சாரம்

அரைக் கிலோமீற்றருக்கு அப்பால் வாய்க்கால் கரையில் ஒருவர் வருகிறார், முகம் தெரியவில்லை, வெயில் கண்ணைக் கூசுகிறது. ஆள் யாரென்று எப்படிச் சொல்வீர்கள்?

நடையை வைத்துத்தான். எங்கள் ஊர் தர்மபுரத்தில் இது எல்லோருக்கும் தெரியும். வயல்வெளி தட்டை, மறைக்க ஒன்றுமில்லை, ஆள் வந்து சேர முதலே நடை வந்து சேர்ந்துவிடும். யாருக்குத் தேத்தண்ணி வைப்பது, யார் வந்தால் கதவைச் சாத்துவது என்று அம்மா குசினி யன்னலால் பார்த்தே முடிவெடுப்பார். அந்த வீட்டிலேயே வளர்ந்த நான் செய்த வேலையைக் கேளுங்கள்.

நான் சின்னப் பிள்ளைகளுக்குக் கார்ட்டூன் எழுதி இயக்குகிறவள். இயக்குநர் என்றதும் கதிரையில் இருந்து கத்துகிற ஆளை நினைக்க வேண்டாம். கதை நான், படம் நான், எடிட்டிங் நான். குரலில் பாதி நான், மீதி அம்மா. ஒலிப்பதிவுக்கூடம் நெல்மூட்டை அறை. நாலு பக்கமும் மூட்டை அடுக்கியிருந்தால் எதிரொலியே வராது, தும்மல் மட்டும் வரும்.

கம்பஸ் முடித்து வந்து இரண்டு வருடம் கலியாண அழைப்பிதழ் வீடியோதான் செய்துகொண்டிருந்தேன். மாப்பிள்ளை பொம்பிளை படத்தைச் சுற்றிப் புறா பறக்கும். புறா பறக்கவிட்டு அலுத்துப்போன நேரத்தில்தான், கொழும்பில் ஒரு நிறுவனம் முன்பள்ளிப் பிள்ளைகளுக்குத் தமிழில் பத்துக் கார்ட்டூன் கதை தேடுவது தெரியவந்தது. முதல் கதையை மாதிரிக்குச் செய்து பிள்ளைகளுக்குப் போட்டுக் காட்ட வேண்டும். அவர்களின் ஆள் ஒருவர் வந்து பார்ப்பார். பிடித்தால் பத்தும் எனக்கு. பிடிக்காவிட்டால் வவுனியாவில் ஒரு காப்புறுதி அலுவலகம். அதற்கான விண்ணப்பத்தை அம்மா நிரப்பியே வைத்திருந்தார். என் கையெழுத்து மட்டும்தான் குறை.

என் கதையில் ஒரு தாரா, அதாவது வாத்து. குளத்துக்குத் தானே முழுப்பொறுப்பு என்று நினைக்கிற தாரா. மற்றப் பறவைகள் ஒரு வாய் தண்ணீர் குடிக்கவும் அதன் முன்னால் வரிசையில் நிற்க வேண்டும். கதை ஒரே நாளில் வந்துவிட்டது, தாராவுக்கு நடைதான் வரவில்லை. தாராவால் முகத்தால் நடிக்க ஏலாது, இருப்பது ஒரு அலகு. நடைதான் அதன் குணம். நான் போட்டுப் பார்த்ததெல்லாம் எவனோ ஒருவன் இன்டர்நெட்டில் போட்ட தாராவின் நடை.

அப்படி மண்டை காய்ந்து நின்ற ஒரு காலையில் குசினி யன்னலுக்கு வெளியே செயலாளர் போனார்.

செயலாளர் என்றால் எங்கள் கமக்கார அமைப்பின் செயலாளர். வாய்க்காலில் யாருக்கு எந்த நாள் தண்ணீர் என்று சொல்பவர், பொதுநோக்கு மண்டபத்தின் சாவியும் அவரிடம். முதலில் நெஞ்சு வரும், பிறகு குடை, கடைசியில்தான் மனிதர். கால் இரண்டும் வெளிப்பக்கம் பார்க்கும். ஒவ்வொரு நாலாவது அடியிலும் இடது கையால் இடுப்பில் கட்டிய சாரத்தை மேலே ஒரு இழுப்பு.

எட்டு நாள் காலையில் யன்னலுக்குப் பின்னால் ஒளித்து நின்று அவரைக் கைபேசியில் பிடித்தேன். வழக்கமாக இரண்டு அடிக்குப் பன்னிரண்டு படம் வரைந்தால் போதும். அதையே திருப்பித் திருப்பி ஓடவிட்டால் தாரா முல்லைத்தீவு வரைக்கும் நடக்கும். எனக்கு அந்த நாலாவது அடி வேண்டுமென்பதால் இருபத்துநான்கு வரைந்தேன். அவருடைய சாவிக்கொத்தை மட்டும் தாராவுக்குப் போடவில்லை. அவ்வளவுக்கு மனச்சாட்சி இருந்தது.

தாராவுக்குச் சாரம் கிடையாது. இல்லாத சாரத்தை அது நாலாவது அடியில் செட்டையால் இழுத்துவிட்டது. தனியே இருந்து பார்த்து வயிறு நோகச் சிரித்தேன். தாராதானே, யார் கண்டுபிடிக்கப்போகிறார்கள்? பட்டம் வாங்கிய மூளை அப்படித்தான் கணக்குப் போட்டது.

படம் போட மண்டபம் கேட்டபோது செயலாளர் ஒரு சொல் மறுக்கவில்லை. தானே கூட்டிப் பெருக்கி, யன்னல்களுக்குத் துணி கட்டி, முன்வரிசையில் குடையோடு வந்து இருந்தார். அவருக்குப் பக்கத்தில் கொழும்பு நிறுவனத்திலிருந்து வந்த அக்கா, மடியில் கொப்பியோடு. கீழே பாயில் பிள்ளைகள், பின்னால் தாய்மார்.

தாரா சுவரில் வந்தது. ஒன்று, இரண்டு, மூன்று. நாலாவது அடியில் இழுப்பு. மறுபடியும் நாலு அடி, மறுபடியும் இழுப்பு. பாயில் இருந்த ஒரு சின்னப் பெண் எழுந்து நின்றாள். சுவரைப் பார்த்தாள், திரும்பி முன்வரிசையைப் பார்த்தாள்.

"செயலாளர் மாமா ஏன் தாராவா வந்திருக்கிறார்?"

பிறகு நடந்ததை நான் விவரிக்கத் தேவையில்லை. தாய்மார் சிரித்த சிரிப்பில் என் அம்மாவின் சிரிப்பு தனியாகக் கேட்டது என்பதை மட்டும் சொல்கிறேன். கொழும்பு அக்கா, பிள்ளைகள் நன்றாக ரசிக்கிறார்கள் என்று கொப்பியில் எழுதிக்கொண்டிருந்தார்.

செயலாளர் எழுந்தார். கதவுக்கு மண்டபத்தின் முழு நீளமும் போக வேண்டும். எல்லோரும் அவருடைய காலைத்தான் பார்த்தார்கள். மூன்று அடி வைத்தார். பிள்ளைகள் மூச்சைப் பிடித்துக்கொண்டார்கள். நாலாவது அடியில் அவருடைய இடது கை கிளம்பியது, பாதியில் நின்றது, குடையைப் பிடித்துக்கொண்டது. சாரம் இறங்கத் தொடங்கியது. முழங்கைகளால் இடுப்பை அமத்திக்கொண்டு, யாரோ புதிதாகக் கால் கொடுத்துவிட்டது போல மிச்சத் தூரத்தையும் நடந்து வெளியே போனார்.

அக்காவுக்கு விசயம் விளங்கியதும் கொப்பியை மூடினார். "இது உண்மையான ஆளா? அப்ப அவர்ட சைன் வேணும். இல்லாட்டி எங்களால இத எடுக்க ஏலாது." கடிதம் ஒன்றைத் தந்து இரண்டு கிழமை தவணையும் தந்தார்.

பத்து நாள் நான் பின்பக்க ஒழுங்கையால் போய்வந்தேன். அவரும் எங்கள் யன்னல் பக்கம் வரவில்லை. பதினோராவது நாள் அம்மா காப்புறுதி விண்ணப்பத்தையும் பேனையையும் என் சாப்பாட்டுக் கோப்பைக்குப் பக்கத்தில் வைத்தார். சாப்பிட்ட கையைக் கழுவிவிட்டு, கொழும்புக் கடிதத்தை எடுத்துக்கொண்டு செயலாளர் வீட்டுக்குப் போனேன்.

முற்றத்தில் கதிரையில் இருந்தார். என்னை இருக்கச் சொல்லவில்லை. நின்றபடியே மன்னிப்புக் கேட்டேன், கடிதத்தை நீட்டினேன். அவர் அதை வாங்காமல், வேறு எதையோ யோசிக்கிறவர் போலக் கதைத்தார்.

"பத்து நாளா எண்ணி எண்ணி நடக்கிறன், பிள்ளை. நாலில கை தானாப் போகுது. இவ்வளவு காலமும் எனக்கே தெரியாது."

உள்ளே அவருடைய மனைவி சிரிப்பது கேட்டது. மனைவிக்கு முதலே தெரியும்போல.

பிறகு செயலாளர் எழுந்து மூக்குக்கண்ணாடிக் கூட்டை உள்ளங்கையில் வைத்துக்கொண்டார். கழுத்தை அதற்குள் விழுத்துகிற மாதிரிக் குனிந்தார். செருப்பை இழுத்து இழுத்து, பெருவிரலால் கூட்டைத் தேய்த்துத் தேய்த்து, முற்றத்தை ஒரு சுற்று நடந்தார். நடுவில் நின்று தனக்குள் இளித்தார். மறுபடியும் நடந்து, பூமரத்துக்குத் தண்ணீர் விடுகிற பாத்திக்குள் ஒரு காலை வைத்துத் தடுமாறினார்.

"இது ஆர்?"

"கொக்கு மாதிரிக் கிடக்கு, மாமா."

"கொக்கில்லை, நீ. போன மாரியில வாய்க்காலுக்குள்ள விழுந்தனியெல்லே? ஒருத்தரும் பாக்கேல்லையெண்டு நினைச்சனியோ?"

அம்மாவிடம் மாடு இடித்து விழுந்ததாகத்தான் சொல்லியிருந்தேன். மாட்டின் நிறம்கூடச் சொல்லியிருந்தேன்.

"நான் ஆருக்கும் சொல்லேல்லை," என்றார். "நீ சுவரில படம் போட்டனி."

கடிதத்தை மறுபடியும் நீட்டினேன்.

கடிதத்தை வாங்கி இரண்டு தரம் வாசித்தார். கையெழுத்துப் போடுகிற கோட்டுக்கு மேலே, கமக்கார அமைப்பின் கூட்டக் குறிப்பு எழுதுகிற அதே கையெழுத்தில் ஒரு நிபந்தனை எழுதினார்: கதையில் ஒரு கொக்கும் சேர்க்கப்பட வேண்டும், அது கைபேசி பார்த்தபடி நடக்க வேண்டும், ஒவ்வொரு கதையிலும் ஒரு தடவை வாய்க்காலுக்குள் விழ வேண்டும். அதற்குக் கீழே ஒப்பமிட்டார், இறப்பர் முத்திரையும் குத்தினார்.

கொழும்பு அக்காவுக்குக் கொக்கு மிகவும் பிடித்துவிட்டது. தாராவைவிடக் கொக்குத்தான் பிள்ளைகளுக்குப் பிடிக்கும் என்று குரல் செய்தி அனுப்பினார். பத்துக் கதையும் எனக்கு. காப்புறுதி விண்ணப்பம் அம்மாவின் அலுமாரிக்குள் போய்விட்டது, கிழிக்கவில்லை.

தன் நடையைத் தானே வரைவது லேசில்லை. முற்றத்தில் நான் நடக்க, அம்மா குசினி யன்னலால் என்னைத் தன் கைபேசியில் பிடித்துத் தந்தார். "மாடு எங்க, காணேல்லை?" என்றும் கேட்டார். செயலாளர் ஒவ்வொரு கதையும் முடிந்ததும் வந்து பார்க்கிறார். தாராவைப் பற்றி ஒன்றும் சொல்வதில்லை. கொக்கு விழும் இடத்தை மட்டும் இரண்டு தரம் போடச் சொல்கிறார். நாலாவது அடியில் பழையபடி சாரத்தை இழுக்கிறார்.

இப்போது ஐந்தாவது கதையில் நிற்கிறேன். கொக்கு இன்னும் விழவில்லை.