அழிக்காமல் வைத்தவள்

சர்ச் பெருநாளில் எடுத்த போட்டோவிலிருந்து என் முகத்தை எடுத்து, துணியில்லாத ஒரு உடம்பில் எவனோ பொருத்தியிருந்தான். செயலியில் செய்வதாம். பீர்மேட்டில் எங்கள் தேயிலை எஸ்டேட் லயத்து வீடுகளில் பாதிப் பேரின் போனுக்கு அது வந்துவிட்டது. அது என் உடம்பு இல்லை என்று என் வீட்டுக்காரருக்குத் தெரியும். தெரிந்தும் இரண்டு நாள் என் முகத்தைப் பார்க்கவில்லை. அந்தக் கோபம் எனக்கு இன்னும் ஆறவில்லை.

எங்கள் எஸ்டேட்டில் எந்த வழக்கும் காலை மஸ்டரில்தான் தீரும். பேர் கூப்பிட்டு முடிந்ததும், கொழுந்து எடுக்கப் போகும் முன். அன்றும் சூப்பர்வைசர் எல்லாரையும் வரிசையில் நிறுத்தி, படத்தை அழிக்கச் சொன்னார். அழித்தார்கள். நான் கும்பிட்டு நன்றி சொன்னேன்.

மறுநாள் அனுப்பியவன்மேல் புகார் கொடுக்கப் போனேன். ஸ்டேஷனில் மலையாளத்துப் பெண் போலீஸ் கேட்டாள்: "படம் எவிடே? எந்த நம்பர்ல இருந்து வந்தது?"

"எல்லாரும் அழிச்சிட்டாங்க மேடம்."

"நல்ல காரியம் பண்ணீங்க! பொய்ப் படம்னாலும் கேஸ் உண்டு சேச்சி. தெளிவே இல்லாம, ஒரு ஆதாரமும் இல்லாம நான் யாரைப் பிடிக்க?"

அன்று சாயங்காலம் பக்கத்து வீட்டுக்காரி வாசலில் வந்து நின்றாள். சாக்கடைத் தண்ணீர் சண்டையில் இரண்டு வருஷமாக எங்களுக்குள் பேச்சில்லை.

"ஏட்டி, படம் எங்கிட்ட இருக்கு. நான் அழிக்கல."

அடிக்கக் கை ஓங்கினேன். "பாத்து ரசிக்கவா வச்சிருக்க?"

"கூறுகெட்டவளே, அனுப்புனவன் நம்பர் இதுலல்லா கெடக்கு! நமக்குச் சண்டைன்னு தெரிஞ்சுதான் எனக்கு மொதல்ல அனுப்பியிருக்கான், நான் ஊரெல்லாம் பரப்புவேன்னு. மாதா சத்தியமா ஒருத்திக்கும் அனுப்பல. பெறகு அவனேதான் மத்தவங்களுக்கும் அனுப்பியிருக்கான். மஸ்டர்ல சும்மா போனத் தடவிட்டு நின்னேன்."

ஓங்கிய கையை எங்கே வைப்பதென்று எனக்குத் தெரியவில்லை.

அவளே என்னோடு ஸ்டேஷனுக்கு வந்தாள். ஆதாரமாக அவள் போனை வாங்கி வைத்துக்கொண்டார்கள். அவளிடம் இருந்தது அது ஒன்றுதான். திருப்பூர் பனியன் கம்பெனியில் இருக்கும் மகளோடு தினமும் பேசுவது அதில்தான். கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டாள்.

நம்பர், எங்களை டவுனுக்கு ஏற்றிப் போகும் ஒரு ஜீப் டிரைவருடையது. ஜீப்பில் என்மேல் கை வைத்ததற்கு நான் அறைந்த நாய். உள்ளே போனான். இப்போது ஜாமீனில் டவுனில் திரிகிறான். கேஸ் நடக்கிறது. எதிரே வந்தால் தலை குனிவது அவன்தான், நான் இல்லை. அதை எனக்குக் கொடுத்தவள் அவள்.

அவள் போன் இன்னும் திரும்பவில்லை. தினமும் சாயங்காலம் என் வீட்டுக்கு வந்து, என் போனில் மகளோடு பேசுகிறாள். என் எதிரிலேயே மகளிடம், "இவ போட்ட டீயா? வாயில வைக்க முடியல" என்கிறாள். சொல்லட்டும். நன்றாகச் சொல்லட்டும்.