தாளத்துக்கு ஒரு நூல் பின்னால்

லைல் ஹூக்ஸ்ட்ரா சாக்ஸபோனை ஓங்கி ஊதி யாரும் கேட்டதில்லை. அதற்குப் பெரிய கலைக் கொள்கை ஒன்றும் காரணமில்லை. லாஸ் ஏஞ்சல்ஸுக்குத் தெற்கே பெல்ஃப்ளவரில் அவன் அப்பா வீடு வீடாகப் பால் போடுகிறவர். விடியுமுன் கிளம்பிப் போய்விட்டுப் பகலெல்லாம் தூங்குவார், எழுப்பினால் தோலை உரித்துவிடுவார். அதனால் லைல் துணி அலமாரிக்குள் புகுந்து, கோட்டுகளுக்கு நடுவே நின்று, மூச்சை அடக்கி வாசித்துப் பழகினான். பின்னாளில் பத்திரிகைக்காரர்கள், இதுவல்லவா கூல் ஜாஸ், என்ன அடக்கம், என்ன நிதானம் என்று பக்கம் பக்கமாக எழுதித் தள்ளினார்கள். ஒரு பால்காரரின் தூக்கத்துக்கு இவ்வளவு மரியாதை!

ஆனால் அவனுடைய உண்மையான சொத்து அந்த மென்மை இல்லை, தாமதம். டிரம்ஸ்காரன் தாளத்தைத் தட்டுவான், லைலின் சுரம் அதற்கு ஒரு நூல் பிந்தி வந்து விழும். இன்னும் கொஞ்சம் பிந்தினால் தப்பு, கொஞ்சம் முந்தினால் எல்லாரும் வாசிக்கிற வாசிப்பு. அந்த ஒரு நூலை அவன் கணக்குப் போட்டுப் பிடிக்கவில்லை, அது அவன் நடையைப் போல அவனோடு இருந்தது. ஐம்பதுகளின் தொடக்கத்தில், ஞாயிறு மதியம் இரண்டு மணிக்குக் கடற்கரை மதுக்கடையில் கச்சேரி ஆரம்பிக்கும். கால் மணலைக்கூடத் தட்டாமல், கடலில் குளித்த ஈரத்தோடு ஜனங்கள் வந்து உட்கார்ந்து கேட்பார்கள். பியானோக்காரன் எமெட் சால்சிடோதான் லைல் வாசித்த ஐந்து பேர் குழுவுக்குத் தலைவன், வாய்த்துடுக்குக்காரன்.

"டேய் லைல், உன் கல்யாணத்துக்காவது நேரத்துக்கு வருவியா?"

"பாதிரியார் காத்திருப்பார்டா."

"பொண்ணு காத்திருக்கணுமே!"

பெண் காத்திருந்தாள். பெயர் நோரீன், சினிமாக் கம்பெனிகளுக்கு இசைத்தாள் பிரதி எழுதிக் கொடுக்கிறவள். மகள் பிறந்த வருஷம், படப்பிடிப்பு நிலையங்களுக்கு வாத்தியக்காரர்களைச் சேர்த்துவிடும் பெல்மன் போன் செய்தார். லைல் போனான்.

அங்கே வேலையே வேறு. எதிரே திரையில் படம் ஓடும். காதில் மாட்டிய ஹெட்போனில் டிக் டிக் என்று ஒரு சத்தம் கேட்டுக்கொண்டே இருக்கும். வாசிப்பு அந்த டிக்கின் தலைமேலேயே உட்கார வேண்டும், இல்லாவிட்டால் படத்தோடு ஒட்டாது. முதல் வாரமே பெல்மன் கையைப் பிசைந்தார்.

"ஹூக்ஸ்ட்ரா, குதிரை விழுந்துச்சு, எழுந்துச்சு, உடம்பை உதறிட்டு வீட்டுக்கே போயிடுச்சு. உங்க சுரம் இப்பத்தான் வந்து சேருது!"

லைல் கற்றுக்கொண்டான். பன்னிரண்டு வருஷம் ஆயிரக்கணக்கான குதிரைகளுக்கும் திருடர்களுக்கும் முத்தங்களுக்கும் வாசித்தான். ஞாயிற்றுக்கிழமைகளும் அதிலேயே போயின. சொந்த வீடு வந்தது. அந்த வேலையைக் கேவலம் என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும், உழைத்துச் சாப்பிட்டான்.

அறுபத்தேழு ஜனவரியில் எமெட் கூப்பிட்டான். ஒரு சின்னக் கம்பெனி பழைய ஐந்து பேரையும் வைத்து இசைத்தட்டுப் போட ஆசைப்படுகிறது, மார்ச்சில் ஒரே நாள் பதிவு. லைல் மகளைத் தூக்கிச் சுற்றாத குறையாகக் குதித்தான். அடுத்த ஞாயிறு எமெட் வீட்டில் ஒத்திகை. முதல் பாட்டு பாதி தாண்டுமுன் எமெட் கையை எடுத்துவிட்டான்.

"ஏண்டா இவ்வளவு சீக்கிரம் வர்றே?"

"சீக்கிரமா? தாளத்துலதானே வந்தேன்?"

"அதைத்தாண்டா சொல்றேன்."

லைலுக்கு முகம் செத்துவிட்டது. வீட்டுக்கு வந்து, பிந்தி வாசிக்கப் பார்த்தான். சமையலறையிலிருந்து நோரீன் கேட்டுக்கொண்டே இருந்தாள். பொய் சொல்லத் தெரியாதவள்.

"நீ பிந்தி வரல, லைல். எண்ணிட்டு வர்றே."

 மார்ச் வரை அந்த டிக் சத்தம் காதில் விழவே கூடாது என்று முடிவு செய்தான். பெல்மன் அழைத்தபோதெல்லாம் மறுத்தான்.

"மூணு தடவை மாட்டேன்னா நாலாவது தடவை போன் அடிக்காது, தெரியுமில்ல?" என்றார் பெல்மன் மூன்றாம் தடவை.

"தெரியும்."

போனை வைத்துவிட்டு நோரீனிடம் விஷயத்தைச் சொன்னான். நோரீன் சொன்னாள்: "கொஞ்ச நாள் நான் பிரதி எழுதியே வீட்டை ஓட்டிடுவேன். நீ மட்டும் மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்காதே, அதைத்தான் என்னால தாங்க முடியாது."

பதிவு நாள் காலை பத்து மணிக்கு ஐந்து பேரும் கூடினார்கள். முதல் மூன்று பாட்டுகளில் லைல் பிசிறில்லாமல் வாசித்தான். பிசிறில்லாததுதான் வினை, படத்துக்கு வாசித்த மாதிரியே இருந்தது.  வாய்த்துடுக்கு எமெட் ஒரு கேலிகூடச் செய்யாததுதான் லைலைக் கொன்றது.

நாலாவது மெதுவான பாட்டு. எல்லாரும் சேர்ந்து மெட்டை வாசித்து முடித்ததும், அதே மெட்டின் நீளத்துக்கு ஆளுக்கொரு சுற்று தனியாக, மனம்போன போக்கில் வாசிக்க வேண்டும். முதல் சுற்று லைலுடையது. சாக்ஸபோனை வாயில் வைத்தான். காதில் ஹெட்போன் இல்லை, ஆனாலும் டிக் டிக் கேட்டது. ஊதினால் அதன் தலைமேலேயே போய் விழுவோம் என்று தெரிந்தது. மெல்ல இறக்கிவிட்டான்.

எமெட் நிமிர்ந்து பார்த்தான். இதோ வந்துவிடுவான் என்று, இடம்விட்டு, இரண்டு விரலால் தொட்டும் தொடாமலும் வாசித்துக்கொண்டிருந்தான். பேஸ் தந்திவாத்தியக்காரனும் டிரம்ஸ்காரனும் சத்தத்தைத் தாழ்த்தினார்கள். லைல் வரவில்லை. சுற்று முழுவதும் அப்படியே போயிற்று. மற்றவர்கள் தங்கள் சுற்றுகளை வாசித்து, கடைசியில் மெட்டு திரும்பியபோதுதான் அவன் சேர்ந்துகொண்டான்.

பதிவு நடப்பதைக் காட்டும் சிவப்பு விளக்கு அணைந்தது.

"மன்னிச்சுடு எமெட். இன்னொரு தடவை எடுப்போம்."

"எதுக்கு?"

"நான் வாசிக்கவே இல்லையேடா. அது... என்கிட்ட இல்லைடா. போயிடுச்சு."

"பன்னெண்டு வருஷம் கழிச்சு இன்னைக்குத்தாண்டா லேட்டா வந்திருக்கே. ஒரு முழுச் சுற்று லேட்டு!"

எல்லாரும் சிரித்தார்கள். லைலும் சிரிக்கப் பார்த்தான். எமெட் எழுந்து வந்து அவன் பக்கத்தில் நின்றான். கேலியெல்லாம் குரலைவிட்டுப் போயிருந்தது.

"இதுதான் இசைத்தட்டுல போகப்போகுது. மாத்த மாட்டேன். இப்ப வந்துடுவான், இப்ப வந்துடுவான்னு வாசிச்சேன்டா. நான் இவ்வளவு நல்லா என்னைக்குமே வாசிச்சதில்ல."

 லைல் நட்டநடுப் பகலில், நாலு பேர் பார்க்க, வெட்கமில்லாமல் அழுதான்.