இந்திப் படத்தின் முடிவை மாற்றிச் சொன்ன மாப்பிள்ளை

என் வீட்டுக்காரர் கோர்ட்டில் மொழிபெயர்ப்பாளர். சாட்சி இந்தியில் சொல்வதை அப்படியே தமிழில் சொல்ல வேண்டும். கூட்டக் கூடாது, குறைக்கக் கூடாது, 'அவர் சொல்கிறார்' என்று ஒதுங்கவும் கூடாது. கொலைகாரன் "நான் குத்தினேன்" என்றால் இவரும் முகம் மாறாமல் "நான் குத்தினேன்" என்பார். வக்கீல்கள் வைத்த பெயர் டேப் ரெக்கார்டர். புதுப் புடவை எப்படி இருக்கிறது என்று நான் கேட்டாலும் கூட்டாமல் குறைக்காமல்தான் பதில் வரும். வயிறு எரியும்.

அப்பா மாரடைப்பில் போன பிறகு அம்மா எங்களோடு இருக்கிறாள். சிரிப்பதே இல்லை. எதைச் சொன்னாலும் ஒரு 'ம்'. இப்படியே இருந்தால் இவளும் போய்விடுவாளோ என்று எனக்குப் பயம்.

ஒரு ஞாயிறு மதியம் இவர் டிவியில் ஓர் இந்திப் படம் போட்டார். கதாநாயகி புருஷனைக் கொன்று சோபாவுக்குள் வைத்துத் தைத்துவிடுகிறாள். விசாரிக்க வந்த இன்ஸ்பெக்டரை அதே சோபாவில் உட்காரவைத்து டீ கொடுக்கிறாள். அம்மாவுக்கு இந்தி தெரியாது என்பதால் இவர் கோர்ட்டுக் குரலில், "எறும்பைக்கூட மிதிக்க மாட்டேன் சார். நீங்க நல்லா சாஞ்சு உக்காருங்க" என்றார்.

அம்மா சிரித்தாள். குலுங்கிக் குலுங்கிச் சிரித்தாள். எனக்கு அழுகையே வந்துவிட்டது.

அந்தப் படத்தில் நல்லவர் என்று ஒருத்தரும் கிடையாது. இன்ஸ்பெக்டர் லஞ்சப் பேர்வழி, செத்தவன் பெண்டாட்டியை அடிக்கிறவன். போக்கிடம் இல்லாமல் நாமே கொலைகாரி பக்கம் சேர்ந்து, அவள் மாட்டிக்கொள்வாளோ என்று வேர்த்துப்போகிறோம். என்ன படம் எடுத்திருக்கிறான் பாவி!

கடைசியில் இன்ஸ்பெக்டர் அவளிடம் ஏதோ சொல்கிறார். அதோடு படம் முடிகிறது.

"என்ன சொன்னான் மாப்ள? மாட்டிக்கிட்டாளா?"

இவர் தயங்கினார். புருஷனை இழந்த மாமியார்; கொன்றவள் தப்பித்தால் மனசு தாங்காது என்று நினைத்துவிட்டார், மகராசன். "'ஸ்டேஷனுக்கு நட'ன்னு சொல்றான், அத்தை."

அம்மாவின் முகம் விழுந்துவிட்டது. "நாசமாப் போறவன். அவ பட்ட பாடு இவனுக்கென்ன தெரியும்?" சற்றுப் பொறுத்து, சுவரைப் பார்த்துச் சொன்னாள்: "நானும் அன்னிக்கு மாத்திரைய மெதுவாத்தான் எடுத்துட்டுப் போனேன்."

இவர் தொண்டையைச் செருமினார்.

"அத்தை, நான் தப்பாச் சொல்லிட்டேன். 'கேஸை மூடியாச்சு, நீ வீட்டுக்குப் போம்மா'ன்னுதான் சொன்னான்."

"நிஜமாவா?"

"நிஜமா."

அம்மா நிமிர்ந்து உட்கார்ந்தாள். என்னைத் திரும்பிப் பார்த்தாள். "அந்தக் கடைசிய இன்னொரு தடவ போடுடி."

செத்தது என் அப்பா. அம்மாவின் இடது காது கேட்காமல் போனது அவர் அடித்த அடியில். ரிமோட் என் கையில் இருந்தது. போட்டேன்.