என் வலது கை நடித்த படம்

போன கிழமை இல்ஃபோர்ட் ஸ்டேஷனில் ரயிலுக்காக நின்றபோது ஒரு வெள்ளைக்காரப் பெண்மணி என்னை உற்றுப் பார்த்துவிட்டு, "வியாழக்கிழமை நீங்கள் இறந்துபோனீர்கள் அல்லவா?" என்று மிகுந்த மரியாதையோடு விசாரித்தார். ஆமென்றேன். "இப்போது பார்க்க நன்றாக இருக்கிறீர்கள்" என்றார். தெரியாதவர்களிடம் இந்த ஊர்க்காரர் வானிலையைத் தவிர வேறெதுவும் பேசமாட்டார்கள் என்று எனக்குச் சொன்னவர்கள், ரி.வி. ஆஸ்பத்திரி நாடகத்தில் பிணமாக நடித்தவர்களாக இருக்கமுடியாது.

பிணமாவது என் உபதொழில். தொழில், பேஸ்போல். மன்னாரில் மூங்கில் தடியால் பந்தடிக்கும் எல்லே விளையாடிக்கொண்டிருந்த என்னைக் கொழும்பு நிறுவனமொன்று தன் பேஸ்போல் அணிக்குப் பந்து எறிய எடுத்தது. பதிவில் நான் களஞ்சிய உதவியாளன். அந்தக் களஞ்சியத்தின் கதவு எந்தப் பக்கம் திறக்கும் என்று ஆறு வருடமும் எனக்குத் தெரியாது. மீன் லொறி ஓட்டிய என் அண்ணைக்கு இது பெரிய அவமானம். "உந்தப் பந்தெறியிறதை ஒரு உத்தியோகமெண்டு சொல்ல ஏலுமோ?" என்பார். ஓர் ஆட்டத்துக்கும் அவரை வாங்கோ என்று கூப்பிட எனக்குத் துணிவு வரவில்லை. லண்டனில் இப்போது ஒரு கழகம் கோடையில் ஆடவும் பயிற்சி கொடுக்கவும் எனக்குச் சம்பளம் தருகிறது. குளிர்காலத்தில் மைதானம் சேறு. ஆகவே நவம்பரிலிருந்து நான் திரையில் ரக்ஸி ஓட்டுநர், பெட்டிக்கடைக்காரர், பிணம்.

இப்படியிருக்க, அமெரிக்க பேஸ்போல் படமொன்றை லண்டனிலேயே எடுக்கிறார்கள், ஆள் வேண்டும் என்று அழைப்பு வந்தது. என் மனைவி பிலோமினா ஞாயிறு பூசை முடிந்து கோயில் வாசலுக்கு வருவதற்குள் என்னைக் கதாநாயகனாக்கிவிட்டாள். படப்பிடிப்பில் என் முகத்தைப் பார்த்த உதவி இயக்குநர் பெண் மறுபேச்சில்லாமல் கடலைத் தட்டொன்றைக் கழுத்தில் மாட்டிவிட்டார். பார்வையாளரிடையே கடலை விற்கவேண்டுமாம்.

"நான் பிட்ச் பண்ணுகிறவன்" என்றேன்.

பேஸ்போலில் பிட்ச் என்றால் பந்து எறிவது; சினிமாக்காரருக்கோ கதை சொல்லி விற்பது. "டைரக்டர் இன்றைக்குப் புதுக்கதை எதுவும் கேட்கமாட்டார், டார்லிங்" என்று அன்போடு தோளில் தட்டிவிட்டுப் போனார்.

கதாநாயகன் அழகன். பந்து எறியத்தான் தெரியாது. முதல் பந்து காலடியில் விழுந்தது. இரண்டாவது கமெராக்காரரைத் தேடிப் போனது. மூன்றாவது உருண்டு என் கடலைக்கருகே வந்தது. தட்டைக் கழற்றி வைத்துவிட்டு, நின்ற இடத்திலிருந்தே எறிந்தேன். தூரத்தில் பந்து பிடிப்பவனின் கையுறைக்குள் அது அறைந்த சத்தத்துக்கு எல்லோரும் திரும்பினார்கள். கால்மணி நேரத்தில் நாயகனின் சட்டை எனக்கு வந்தது. முழங்கைக்கு மேல் வரை அவனுடைய நிறத்தைப் பூசினார்கள். நாயகனின் முகம் கோபப்படும், என் கை எறியும், பிறகு அவன் முகம் சிரிக்கும். இப்படி மூன்று நாள்.

படம் இணையத்தில் வெளியான சனிக்கிழமை மத்தியானம் எங்கள் வீட்டில் கோயில் பங்கு மக்களில் பாதிப்பேர் கூடிவிட்டார்கள். பிலோமினா பட்டிஸ் பொரித்திருந்தாள். படம் முடிந்தது. கடலை விற்ற காட்சியை வெட்டிவிட்டிருந்தார்கள்.

"அந்தக் கை இவரின்ரை" என்றாள் பிலோமினா.

"எந்தக் கை, அக்கா?" என்று ஒரு பெண் கேட்டாள். பிறகு எல்லோரும் பட்டிஸைப் புகழத் தொடங்கினார்கள். பிலோமினா ரீ போடுகிற சாட்டில் குசினிக்குள் போனவள் வெளியே வரவில்லை. எனக்கும் அவளுக்குப் பின்னாலேயே போய் ஒளியவேண்டும் போலிருந்தது.

அப்போதுதான் ஃபோன் அடித்தது. வீடியோவில் அண்ணை. மன்னார் வீட்டு ரி.வி.யில் அதே படத்தை நிறுத்தி வைத்திருந்தார்.

"இது நீதானே?"

"முகம் அவன்ரை, அண்ணை."

"முகத்தை ஆர் கேட்டது? முழங்கையை இப்பிடி வெளியாலை தள்ளி எறியிறவன் நீ ஒருத்தன்தான்."

"நான் எறியிறதை நீங்கள் எங்கை பாத்தனீங்கள்?"

அண்ணை ரி.வி.ப் பக்கம் திரும்பிக்கொண்டார். "கொழும்பிலை மீன் இறக்கினாப் பிறகு கிறவுண்டுக்கு வந்து பின்னாலை நிண்டு பாக்கிறனான். சொன்னா உனக்குத் தலைக்கனம் வந்திடும்."

பக்கத்து வீட்டாரையும் கூப்பிட்டு வைத்திருந்தார். மன்னார்த் திரையில் அமெரிக்க நிறம் பூசிய என் கை உயர்ந்தபடி நிற்க, அண்ணையின் விரல் அதன் முழங்கையைத் தொட்டுத் தொட்டுக் காட்டியது. இல்ஃபோர்ட்டில் அதே கையால் ஃபோனைப் பிடித்துக்கொண்டு நான் அசையாமல் நின்றேன். அசைந்தால் படம் கலங்கிவிடும் போலிருந்தது.