பட்டாளம் திரும்பிய பாறை

நான் பயந்த சுபாவம் உள்ளவள். கிருஷ்ணகிரியில் பெண்கள் பள்ளியில் வேலைக்குச் சேர்ந்த புதிதில், தலைமையாசிரியை கூப்பிட்டாலே உள்ளங்கை வேர்த்துவிடும். ஐம்பதுகளின் பிற்பகுதி அது. நாகரசம்பட்டியிலிருந்து வந்து, பள்ளிக்குப் பின்னால் இருந்த ஆசிரியைகள் விடுதியில் தங்கியிருந்தேன். என்னை வேலைக்கு அனுப்புவதில் அப்பாவுக்கு அரை மனதுதான். ஊரில் யாராவது ஒரு சொல் சொல்லிவிட்டால், வண்டியைக் கட்டிக்கொண்டு வந்து கூட்டிப் போய்விடுவார் என்ற பயம் எனக்கு எந்நேரமும் இருந்தது.

ஒரு வெள்ளிக்கிழமை தலைமையாசிரியை கூப்பிட்டனுப்பினார்.

"இங்கிலாந்துல இருந்து ஒரு அம்மா வந்து முசாபரி பங்களாவுல தங்கியிருக்காங்க. நாளைக்குக் கோட்டை மலையைப் பார்க்கணுமாம். தாசில்தார் துணைக்கு ஆள் கேட்டிருக்கார். தடுமாறாம இங்கிலீஷ் பேசறது நீதான். போயிட்டு வா."

"மலை மேலேயா, டீச்சர்?"

"பின்னே? கீழே நின்னு பார்க்கவா கப்பல் ஏறி வந்திருக்காங்க?"

தலையாட்டிவிட்டு வந்தேன். எங்கள் தோட்டத்துக் கிணற்றை எட்டிப் பார்த்தாலே எனக்குக் கால் கூசும். கிருஷ்ணகிரிக் கோட்டையோ ஒரே பாறை. ஊரின் எந்தத் தெருவில் நின்றாலும் அது தலைக்கு மேல் நிற்கும். அன்று இரவு சோறு இறங்கவில்லை.

மறுநாள் காலை அந்தப் பயணியர் பங்களா வாசலில் அந்த அம்மா காத்திருந்தார். அறுபது வயதுக்கு மேல் இருக்கும். ஒடிசலான, உயரமான உடம்பு. காலில் கான்வாஸ் ஷூ, தலையில் ஆண்கள் போடும் தொப்பி. அது தன் கணவருடையது என்று அவரே சொன்னார். எனக்குத் தேநீர் கொடுத்தார். பிறகு தான் வந்த காரியத்தைச் சொல்லத் தொடங்கினார்.

அவருடைய கணவர் தங்கள் மாவட்டத்துக் காலாட்படை ரெஜிமென்ட்டில் அதிகாரியாக இருந்தவர். ஓய்வு பெற்ற பிறகு அதன் சரித்திரத்தை எழுதிக்கொண்டிருந்தார். நம் வீடுகளில் பாட்டன், பூட்டன் என்று வம்சம் சொல்வதைப் போல அந்தப் பட்டாளத்துக்கும் வம்சம் உண்டாம். முதலில் அதைத் திரட்டிய கர்னலின் பெயரால் அழைக்கப்பட்டது. பிறகு பெயரை எடுத்துவிட்டு ஓர் எண் கொடுத்தார்கள். வெகுகாலம் கழித்து, எண் உள்ள இரண்டு பட்டாளங்களைச் சேர்த்து ஒன்றாக்கி, மாவட்டத்தின் பெயரை வைத்தார்கள். இப்போது அதையும் பக்கத்து மாவட்டத்துப் பட்டாளத்தோடு சேர்க்கப் போகிறார்கள். மாவட்டத்தின் பெயரும் போய்விடும்.

"அதற்குள் முடித்துவிட வேண்டும் என்று அவர் அவசரப்பட்டார். பாதியில் இறந்துபோனார். இந்த மலைச் சண்டையோடு எழுத்து நிற்கிறது" என்றார்.

திப்புவோடு நடந்த சண்டையில், எண்ணால் அழைக்கப்பட்ட காலத்தில், அந்தப் பட்டாளம் இங்கே வந்திருக்கிறது. கீழே இருந்த பேட்டையைப் பிடித்துவிட்டு, தப்பி ஓடியவர்களோடு கலந்து மேல்கோட்டைக்குள்ளும் நுழைந்துவிடப் பார்த்திருக்கிறார்கள். மேலே இருந்தவர்கள் பாறைகளை உருட்டிவிட்டார்கள். நிறையப் பேர் செத்தார்கள். மிச்சம் இருந்தவர்கள் திரும்பிவிட்டார்கள். எதுவரை ஏறினார்கள் என்பதைக் கணவர் எழுதவில்லை. அந்த இடத்தைத் தன் கண்ணால் பார்த்து எழுத வேண்டும் என்பதற்காகத்தான் இந்த அம்மா வந்திருந்தார்.

மலை மேல் உள்ள தர்காவைப் பார்த்துக்கொள்ளும் பாய் ஒருவர் எங்களுக்கு வழிகாட்டினார். தோளில் ஒரு கம்பளி, கையில் ஒரு தடி. ஏறத் தொடங்குமுன்பே என்னிடம் சொல்லிவிட்டார்.

"கோட்டை வாசலுக்குக் கீழ சரிவுல மலைத்தேனு கூடு கட்டியிருக்குதும்மா. அங்க பீடி, நெருப்பு எதுவும் ஆவாது. செண்டு வாசனையும் ஆவாது. அந்தம்மாகிட்ட சொல்லிடுங்க."

சொன்னேன். அவர் உடனே கைக்குட்டையை எடுத்து முகர்ந்து பார்த்துவிட்டு, பைக்குள் ஆழமாகத் திணித்துக்கொண்டார்.

பாதி தூரம் வரை படிகள் இருந்தன. அப்புறம் பாறையிலேயே செதுக்கிய தடங்கள்தான். நான் கீழே பார்க்கவே இல்லை. முன்னால் போன கான்வாஸ் ஷூக்களின் குதிகாலை மட்டுமே பார்த்தபடி ஏறினேன். காற்று புடவையை இழுத்தபோதெல்லாம் பாறையோடு ஒட்டிக்கொண்டேன். வாசலுக்குச் சற்றுக் கீழே, வழி திரும்பும் இடத்துக்கு மேலாக, இடிந்த சுவர் ஒன்று இருந்தது. அந்த அம்மா அங்கே நின்றுவிட்டார். பாய் தண்ணீர் எடுத்து வருவதாகச் சொல்லி மேலே போனார்.

"இதுதான் இடம்" என்றார் அந்த அம்மா. "இங்கிருந்து உருட்டினால் திருப்பத்தில் வருகிறவன் தப்பவே முடியாது." குரல் அடங்கியிருந்தது. பிறகு, தேங்காய் அளவில் கிடந்த ஒரு கல்லைக் காலால் நெம்பித் தள்ளினார். அது எப்படி விழுகிறது என்று பார்க்க நினைத்திருக்கிறார்.

கல் உருண்டது. ஒரு முறை பாறையில் மோதித் துள்ளியது. பிறகு சத்தமே இல்லை. நான் சுவரைப் பிடித்தபடி கண்ணை மூடிக்கொண்டேன். சற்று நேரத்தில் கீழேயிருந்து பெரிய மோட்டார் ஓடுவது போல ஒரு இரைச்சல் எழுந்து வந்தது. கண்ணைத் திறந்தேன். கறுப்பாக ஏதோ பாறை விளிம்பைத் தாண்டி மேலே வந்துகொண்டிருந்தது.

"படுங்க! படுங்கம்மா! கைய ஆட்டாதீங்க!" மேலேயிருந்து பாய் கத்திக்கொண்டே ஓடிவந்தார். சுவருக்கும் பாறைக்கும் நடுவில் இருந்த சந்துக்குள் எங்கள் இருவரையும் தள்ளி, கம்பளியை மேலே போட்டார். தனக்குப் போர்த்திக்கொள்ள எதுவும் இல்லாமல் அவர் ஓடிய காலடிச் சத்தம் கேட்டது.

கம்பளிக்குள் ஏற்கெனவே தேனீக்கள் நுழைந்திருந்தன. காதருகே, முடிக்குள், கழுத்தில் கொட்டின. வெளியே கம்பளி முழுக்க ஊர்ந்துகொண்டிருந்தன. கத்தினால் வாய்க்குள் புகுந்துவிடும் என்று பல்லைக் கடித்துக்கொண்டேன். செத்துவிடுவேன் என்றே நினைத்தேன். அதைவிட, செத்தால் அப்பாவுக்கு எப்படிச் சொல்லுவார்கள் என்று நினைத்தபோது இன்னும் பயமாக இருந்தது.

அந்த அம்மா முணுமுணுவென்று ஏதோ சொல்லத் தொடங்கினார். ஜெபம் என்று நினைத்தேன். உற்றுக் கேட்டபோது, அது பட்டாளத்தின் பழைய பெயர்கள்: கர்னலின் பெயர், எண், அதோடு சேர்ந்த இன்னொரு எண், மாவட்டத்தின் பெயர், அது சண்டை போட்ட ஊர்கள். முடிந்ததும் முதலிலிருந்து ஆரம்பித்தார். நான் முருகனைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தேன். கொஞ்ச நேரத்தில் அவர் சொல்வதையே நானும் சேர்ந்து சொன்னேன். எனக்குத் தெரியாத ஊர்கள்தான். ஆனாலும் அடுத்தது என்ன என்று மனம் அதைப் பிடித்துக்கொண்டு நின்றது.

பிறகு புகை வாசனை வந்தது. பாய் காய்ந்த புல்லை வாரிப் போட்டுக் கொளுத்தியிருந்தார். இரைச்சல் மெல்ல விலகியது. கம்பளி தூக்கப்பட்டபோது எனக்கு ஒரு கண்தான் திறந்தது. அந்த அம்மாவுக்கு இரண்டு கண்ணும் மூடிக்கொண்டிருந்தன. பாயின் முகம் அடையாளமே தெரியவில்லை. எங்களைவிட அவருக்குத்தான் அதிகக் கொட்டு.

"இறங்குங்கம்மா. திரும்ப வந்துடும். நான் புகையைப் பார்த்துக்கிறேன். நீங்கதான் அந்தம்மாவக் கூட்டிட்டுப் போவணும்."

"என்னால முடியாதுங்க. எனக்கு உயரம்னா பயம்" என்று அழுதேன்.

"எனக்கு மட்டும் பயம் இல்லையா? உக்காந்து உக்காந்து போங்க!"

உட்கார்ந்தேதான் இறங்கினேன். என் முந்தானையை அந்த அம்மா கையில் சுற்றிக்கொண்டார். நான் ஒரு தடம் இறங்குவேன். அவருடைய பாதத்தைப் பிடித்து அதே தடத்தில் வைப்பேன். கீழே ஊர் முழுக்கச் சுற்றுவது போல இருந்தது. கொஞ்ச தூரம் போவதற்குள் தலை கிறுகிறுத்து வாந்தி எடுத்தேன். "நிற்காதே" என்றார் அவர். பிறகு, "தயவுசெய்து" என்றார். இப்படியே அழுதுகொண்டு படிகள் வரை வந்து சேர்ந்தோம். படியில் ஏறி வந்த ஆடு மேய்ப்பவர்கள் எங்களைத் தூக்கிக்கொண்டு போனார்கள்.

அரசு ஆஸ்பத்திரியில் மூன்று பேரையும் சேர்த்தார்கள். பாய்க்குக் காய்ச்சல் கடுமையாக இருந்தது. அவர் பிழைப்பாரா என்று நர்ஸைக் கேட்டுக்கொண்டே இருந்தேன். மறுநாள்தான் அவர் எழுந்து உட்கார்ந்து கஞ்சி கேட்டார் என்றார்கள்.

அதே நாள் அப்பாவும் வந்துவிட்டார். வராந்தாவில் அவருடைய செருப்புச் சத்தம் கேட்டபோது, தேனீ இரைச்சலைக் கேட்ட மாதிரி போர்வையைத் தலைவரை இழுத்துக்கொண்டேன். அவர் போர்வையை விலக்கி என் முகத்தைப் பார்த்தார்.

"வெள்ளக்காரி பட்டாளத்துக்கும் உனக்கும் இன்னாம்மா சம்பந்தம்? மூட்டையக் கட்டு. ஊருக்குப் போலாம்."

பக்கத்துக் கட்டிலிலிருந்து அந்த அம்மா சுவரைப் பிடித்துக்கொண்டு எழுந்தார். வீங்கிய முகத்தோடு, குரல் வந்த திசையைப் பார்த்துக் கைகூப்பினார். தவறு தன்னுடையது, கல்லைத் தள்ளியது தான்தான் என்றார். நான் தமிழில் சொன்னேன். வயதானவர் நின்றுகொண்டு கும்பிட்டதும் அப்பாவுக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை.

"உக்காரச் சொல்லு அவங்கள" என்றார். பிறகு, "எந்தச் சண்டையைப் பார்க்க வந்தாங்களாம்?" என்று கேட்டார்.

சொன்னேன். அந்த அம்மா ஆவலாக, அந்தச் சண்டையின்போது உங்கள் ஜனங்கள் என்ன செய்தார்கள் என்று அப்பாவைக் கேட்கச் சொன்னார். கேட்கவே எனக்குப் பயம். மெதுவாகக் கேட்டேன்.

"இன்னா பண்ணுவாங்க? இந்தப் பட்டாளம் வந்தாலும் ஓட்டம், அந்தப் பட்டாளம் வந்தாலும் ஓட்டம். மாட்டையும் புள்ளைங்களையும் ஓட்டிக்கிட்டுக் காட்டுக்குள்ள பூந்துக்குவாங்களாம். எங்க அப்பாரு சொல்லுவாரு."

அதை அப்படியே சொன்னேன். அந்த அம்மா சிரித்தார். உதடு வலித்ததால் பாதியில் நிறுத்திக்கொண்டார்.

"எங்கள் ஆட்களும் அதைத்தான் செய்தார்கள். என் கணவர் அதற்கு, ஒழுங்காகப் பின்வாங்கினார்கள் என்று எழுதியிருக்கிறார்" என்றார்.

இதைக் கேட்டு அப்பாவும் சிரித்துவிட்டார். மூட்டை கட்டுகிற பேச்சு அதற்கப்புறம் வரவில்லை. இனிமேல் பள்ளிக்கூடத்து வேலையைத் தவிர வேறு எதற்கும் போகக் கூடாது என்று மட்டும் தலைமையாசிரியையிடம் கண்டிப்பாகச் சொல்லிவிட்டு ஊருக்குப் போனார்.

ஒரு கண் திறந்ததுமே அந்த அம்மா பெங்களூருக்குப் புறப்பட்டார். போவதற்கு முன் பாயின் கட்டிலருகே வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். இரண்டு பேருக்கும் பொதுவாக ஒரு மொழி கிடையாது. நான் மொழிபெயர்த்துச் சொல்ல வந்தபோது, வேண்டாம் என்று கையைக் காட்டினார். அந்தப் புத்தகம் வெளிவந்தது என்று பின்னால் கேள்விப்பட்டேன், நான் பார்க்கவில்லை. பட்டாளத்தையும் சொன்னபடியே சேர்த்துவிட்டார்களாம்.

திங்கட்கிழமையும் செவ்வாய்க்கிழமையும் விடுப்பு எடுத்துக்கொண்டேன். புதன்கிழமை வகுப்புக்குள் நுழைந்தபோது, இன்னும் வீங்கியிருந்த என் முகத்தைப் பார்த்து முன் வரிசையில் ஒரு பெண் வீறிட்டு அழுதுவிட்டாள். அவளைச் சமாதானப்படுத்தவே அந்த வகுப்பு நேரம் முழுக்கப் போயிற்று.