வேலிக்குக் கீழே ஒரு பானை

உடுப்பிட்டியில் என் வளவில் மலசலகூடத்துக்குக் குழி வெட்டியபோது பழைய பானை ஓடு ஒன்று கிளம்பியது. என்னோடு வேலிச் சண்டையில் இருந்த பக்கத்து வீட்டுக்காரர் உடனே தொல்பொருள் அதிகாரியைக் கூட்டி வந்துவிட்டார். பழம்பொருள் கிடைத்தால் அரசாங்கம் காணியை எடுத்துவிடும் என்ற பயத்தில் வாய்க்கு வந்ததைச் சொன்னேன்.

"ஐயா, உது போன வருசம் நான் பொங்கின பானை."

அதிகாரி ஓட்டின் உட்புறத்தைத் தடவினார். "விரல் தடம் இருக்கு. சக்கரம் வாறதுக்கு முந்தி கையாலை வனைஞ்சது. போன வருசமோ, போன யுகமோ?"

"உவன் பிறவிப் பொய்யன்! காணியை எடுங்கோ!" என்று பக்கத்து வீட்டுக்காரர் வேலிக்கு மேலால் கத்தினார்.

அதிகாரி குழிக்குள் குனிந்தார். பானையின் மறுபாதி வேலிக்குக் கீழால் அந்தப் பக்கம் போயிருந்தது. இரண்டு காணியையும் அகழாய்வுக்கு எடுக்கச் சேர்த்துக் கயிறு கட்டச் சொன்னார்.

நான் அப்போதும் என் பொய்யை விடவில்லை; வேலிக்கு மேலால் எட்டிப் பார்த்தேன்.

"அண்ணை, மிச்சப் பொங்கல் உங்கடை பக்கம்தான்!"